மேல்முறையீட்டில் தண்டனைக் குறைப்பு: வெட்டுப்பட்டவர் தரப்புக்குப் பேச இடம் உண்டா?

மேலூர் விவசாயி எழுதியது:

மதுரை மாவட்டம் மேலூருக்குக் கிழக்கே உள்ள ஒரு கிராமத்திலிருந்து எழுதுகிறேன். 2018 அக்டோபரில், பெரியாறு கால்வாய்த் தண்ணீரை யார் வயலுக்கு முதலில் மடை திறந்து விடுவது என்பதில் எழுந்த தகராறில், எங்களுக்குப் பங்காளி முறை வரும் இருவர் என் அண்ணனை அரிவாளால் வெட்டினார்கள். கழுத்துக்கு வந்த வெட்டைத் தடுக்கப்போய், அவருடைய வலது கையில் இரண்டு விரல்கள் போய்விட்டன. கொலை முயற்சி என்று குற்றச்சாட்டு வனையப்பட்ட வழக்கில், அமர்வு நீதிமன்றம் 2022-இல் அதை இந்திய தண்டனைச் சட்டம் 326-ஆவது பிரிவின் கீழான கொடுங்காயக் குற்றமாகக் கொண்டு, இருவருக்கும் தலா ஐந்தாண்டு கடுங்காவல் சிறையும் பத்தாயிரம் ரூபாய் அபராதமும் விதித்தது. அவர்கள் அதே ஆண்டு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் மேல்முறையீடு செய்து, தண்டனையை நிறுத்திவைக்கும் உத்தரவு பெற்று வெளியே வந்தார்கள். கைதான காலத்தில் இருந்த நாள்களையும் தீர்ப்புக்குப் பிறகு இருந்த நாள்களையும் கூட்டினால் ஆறு மாதம்கூட நிறையாது.

இப்போது மேல்முறையீடு இறுதி விசாரணைக்கு வந்திருக்கிறது. குற்றம் நிரூபணமானதை எதிர்த்து வாதிடப்போவதில்லை, தண்டனையை மட்டும் ஏற்கெனவே அனுபவித்த காலத்தோடு முடித்துக்கொள்ள வேண்டும், அதற்கு ஈடாக மூன்று லட்சம் ரூபாய் தருகிறோம் என்று அவர்கள் வழக்குரைஞர் சொல்லியிருக்கிறார். ஊர்த் தலைவரான அம்பலமும் இரண்டு பெரியவர்களும் வீட்டுக்கு வந்து, குலசாமி கும்பிடு எட்டு வருடமாகப் பிரிந்து கிடக்கிறது, கையெழுத்துப் போட்டுவிடுங்கள் என்கிறார்கள். அண்ணன் எதுவும் பேசுவதில்லை. மதினி மட்டும், "ஐந்து வருடம் என்று ஒரு நீதிபதி சொன்னதை ஆறு மாதம் என்று இன்னொரு நீதிபதி எப்படிச் சொல்ல முடியும்?" என்று கேட்டார். எனக்குப் பதில் தெரியவில்லை. அப்படிக் குறைக்கும் அதிகாரத்துக்கு எல்லை உண்டா, எங்கள் தரப்பில் அங்கே யாராவது பேச முடியுமா, அந்தப் பணத்தை வாங்கினால் வழக்கு என்ன ஆகும் என்பதை விவரம் அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

ஒத்தக்கடை வழக்குரைஞர் எழுதியது:

உங்கள் மதினி கேட்ட கேள்வியிலிருந்தே தொடங்குகிறேன். உங்கள் மேல்முறையீடு 2022-இல் தாக்கலானதால் அதற்குப் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டமே பொருந்தும். அதன் 386-ஆவது பிரிவு, குற்றத் தீர்ப்பை எதிர்த்து வரும் மேல்முறையீட்டில், தீர்ப்பை அப்படியே வைத்துக்கொண்டோ மாற்றியோ, தண்டனையின் தன்மையையும் அளவையும் மாற்றலாம் என்றும், ஆனால் அதை உயர்த்தக் கூடாது என்றும் சொல்கிறது. ஆகவே ஐந்து ஆண்டை ஆறு மாதமாக்குவதற்கு அதிகாரம் இருக்கிறது. அந்த அதிகாரத்தை எந்தக் காரணத்தின் பேரில் பயன்படுத்துகிறார்கள் என்பதுதான் கேள்வி.

சட்டமே குறைந்தபட்சத் தண்டனையை நிர்ணயித்துவிட்ட குற்றங்களில் அந்த அளவுக்குக் கீழே இறங்க உயர் நீதிமன்றத்துக்கும் வழியில்லை. கொலைக் குற்றம் உறுதியானால் ஆயுள் தண்டனைக்குக் குறைவாக எதுவும் கிடையாது. 20 கிலோவுக்கு மேற்பட்ட கஞ்சா வழக்கில் பத்தாண்டுக்குக் கீழே போக முடியாது. குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து பாதுகாக்கும் போக்சோ சட்ட வழக்கு ஒன்றில், உத்தரப் பிரதேசத்தில் உயர் நீதிமன்றம் பத்தாண்டை ஏழாண்டாகக் குறைத்ததை 2023-இல் உச்ச நீதிமன்றம் ரத்துசெய்து பத்தாண்டையே மீட்டது. ஆனால் உங்கள் வழக்கின் 326-ஆவது பிரிவு அந்த வகையைச் சேர்ந்தது அன்று. மேலே ஆயுள் தண்டனை வரை, அல்லது பத்தாண்டு வரை என்று எல்லை இருக்கிறதே தவிர, கீழே எல்லை வைக்கப்படவில்லை. சிறைத் தண்டனை என்று ஒன்று இருந்தாக வேண்டும். அது எத்தனை நாள் என்பதை நீதிபதியின் விருப்புரிமைக்கு விட்டிருக்கிறார்கள்.

விருப்புரிமை என்றால் மனம்போன போக்கு என்று பொருளல்ல. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கிலேயே, 1991-இல், தகாத இரக்கம் காட்டிப் போதாத தண்டனை விதிப்பது சட்டத்தின் மீது மக்களுக்குள்ள நம்பிக்கையைக் குலைக்கும் என்று உச்ச நீதிமன்றம் எச்சரித்தது. 2015-இல், பஞ்சாபில் கவனக்குறைவாக வாகனம் ஓட்டி உயிர்ச்சேதம் விளைவித்த ஒருவருக்கு விதிக்கப்பட்ட ஓராண்டுத் தண்டனையை, இழப்பீடு கொடுத்தார் என்பதைக் கருதி உயர் நீதிமன்றம் 24 நாளாகக் குறைத்தபோது, உச்ச நீதிமன்றம் அதை ஏற்காமல் ஆறு மாதமாக்கியது. மறுபக்கமும் இருக்கிறது. 1977-இல் நீதிபதி கிருஷ்ணய்யர் அமர்ந்த அமர்வு, தண்டனையின் நோக்கம் மனிதனைத் திருத்துவதே என்று விரிவாக எழுதி, ஒரு மோசடி வழக்கில் மூன்றாண்டைப் பதினெட்டு மாதமாக்கியது. 1973-இல், உங்கள் வழக்கைப் போன்றே 326-ஆவது பிரிவின் கீழான ஒரு வழக்கில், இரு தரப்பும் சமாதானமாகிவிட்டதைக் கருதி, அனுபவித்த சில மாதங்களோடு தண்டனையை முடித்து அபராதம் விதித்ததும் அதே உச்ச நீதிமன்றம்தான். எதிர்த்தரப்பு இந்த 1973 தீர்ப்பைக் கட்டாயம் எடுத்துக் காட்டும்.

நீங்கள் கவனிக்க வேண்டியது இன்னொன்று உண்டு. 326-ஆவது பிரிவுக் குற்றத்தை நீதிமன்ற அனுமதியோடுகூட இணங்கித் தீர்த்துக்கொள்ளச் சட்டத்தில் இடமில்லை. எனவே நீங்கள் கையெழுத்திட்டாலும் அவர்கள் விடுதலை ஆகிவிட மாட்டார்கள். குற்றவாளி என்ற தீர்ப்பு நிற்கும். உங்கள் சம்மதம் தண்டனையைக் குறைப்பதற்கான ஒரு காரணமாக மட்டுமே கணக்கில் வரும். அவர்களுக்குக் கையெழுத்து அவ்வளவு அவசரமாகத் தேவைப்படுவது அதனால்தான்.

ஓய்வுபெற்ற நீதிமன்றப் பணியாளர் எழுதியது:

இந்த மாவட்டத்துக் குற்றவியல் நீதிமன்றங்களில் முப்பது ஆண்டுகள் பணிபுரிந்தவன் என்ற முறையில், வழக்குக் கட்டின் பக்கத்திலிருந்து ஒன்றைச் சொல்ல விரும்புகிறேன். வழக்குரைஞர் ஐயா சொன்ன தீர்ப்புகள் எல்லாம் சரி. ஆனால் மேல்முறையீட்டு நீதிபதியின் மேசைக்கு உங்கள் அண்ணனைப் பற்றி என்ன போகிறது என்று யோசித்துப் பாருங்கள்.

குற்றவாளி என்று தீர்மானித்த பிறகு, தண்டனை குறித்து எதிரியை, அதாவது குற்றம் சாட்டப்பட்டவரை, கேட்க வேண்டும் என்பது அதே நடைமுறைச் சட்டத்தின் 235-ஆவது பிரிவின் இரண்டாம் உட்பிரிவு. குற்றத்தைப் பார்ப்பதோடு குற்றம் செய்தவனையும் பார்க்க வேண்டும் என்று 1980-இல் பச்சன் சிங் வழக்கில் அரசமைப்பு அமர்வு சொன்னது மரண தண்டனையைப் பற்றியே என்றாலும், அந்தக் கருத்து எல்லா வழக்குகளுக்கும் வழிகாட்டியாக நின்றது. நடைமுறையில் நான் தட்டச்சு செய்த தீர்ப்புகளில் பெரும்பாலானவற்றில் அந்தக் கட்டம் மூன்று வரிக்கு மேல் இருந்ததில்லை. "வயதான தாயார் இருக்கிறார், இரண்டு குழந்தைகள் இருக்கிறார்கள், குறைந்த தண்டனை வழங்க வேண்டுகிறேன்" என்று எதிரி சொன்னது பதிவாகும். எதிரியின் குடும்பத்தைப் பற்றி அந்த மூன்று வரியாவது இருக்கும். காயம்பட்டவரின் குடும்பத்தைப் பற்றி அந்த இடத்தில் எதையும் கேட்பதில்லை, எழுதுவதுமில்லை.

காயம்பட்டவரைப் பற்றி வழக்குக் கட்டில் இருப்பது காயச் சான்றிதழ். அது வெட்டுப்பட்ட அன்றோ ஓரிரு நாளிலோ, அவசரச் சிகிச்சைப் பிரிவில் பணியிலிருந்த மருத்துவர் எழுதியது. எத்தனை சென்டிமீட்டர் நீளம், எலும்பு முறிவு உண்டா, கொடுங்காயமா எளிய காயமா என்பது அதில் இருக்கும். வலது கை விரல் இரண்டு இல்லாத ஒரு விவசாயி மண்வெட்டிக் காம்பைப் பிடிக்க முடிகிறதா, நாற்றுமுடியைக் கட்ட முடிகிறதா, மாட்டைப் பிடித்துக் கட்ட ஆள் வைக்க வேண்டியிருக்கிறதா என்பது அதில் இருக்காது, இருக்கவும் முடியாது. சம்பவம் நடந்து பல வருடம் கழித்து மேல்முறையீடு விசாரணைக்கு வரும்போது, எதிரி தரப்பு அத்தனை வருடத்து நன்னடத்தையையும் குடும்பச் சுமையையும் எடுத்துச் சொல்லும். உங்கள் அண்ணனோ கட்டுக்குள் 2018-இலேயே நின்றுவிடுகிறார். காலம் கடந்துவிட்டது என்பதையே தண்டனைக் குறைப்புக்குக் காரணமாகச் சொல்லும்போது, அந்தக் காலம் இரு தரப்புக்கும் எப்படிக் கடந்தது என்று கேட்க நீதிபதியிடம் ஒரு தாளாவது இருக்க வேண்டாமா?

ஆகவே மாற்றுத்திறனாளி அடையாள அட்டை எடுத்திருந்தால் அதன் நகலையும், குறைபாட்டின் விழுக்காட்டைக் குறிக்கும் மருத்துவச் சான்றையும், சிகிச்சைச் செலவு ரசீதுகளையும் சேர்த்து, அண்ணன் பெயரில் ஒரு பிரமாணப் பத்திரம் தயாரித்துக்கொள்ளுங்கள். மேல்முறையீட்டு நீதிமன்றம் தேவையென்று கருதினால் கூடுதல் சாட்சியம் பெற 391-ஆவது பிரிவு இடம் தருகிறது. அட்டை இதுவரை எடுக்கவில்லை என்றால் இந்த வாரமே அதற்கு விண்ணப்பியுங்கள்.

உசிலம்பட்டிக்காரர் எழுதியது:

நான் எதிர்ப்பக்கத்தில் நின்றவன். சொல்லலாமா என்று யோசித்துத்தான் எழுதுகிறேன்.

கோயில் திருவிழாவில் நடந்த சண்டையில் ஒருவர் இறந்துபோன வழக்கில் என் அண்ணனுக்கு, கொலை ஆகாத மரணம் விளைவித்த குற்றத்துக்கு, ஏழாண்டு விதித்தார்கள். மேல்முறையீடு நிலுவையில் இருந்தபோது நீண்ட நாள் பிணை கிடைக்கவில்லை. மாதம் இருமுறை அரசரடியில் மத்திய சிறை வாசலில் மனுப் பார்க்க அம்மாவைக் கூட்டிக்கொண்டு நின்றிருக்கிறேன். கடைசியில் உயர் நீதிமன்றம் குற்றத்தை உறுதிசெய்து தண்டனையை நான்காண்டாகக் குறைத்தது. முன்விரோதம் இல்லை, கையில் ஆயுதம் கொண்டுபோகவில்லை, ஒரே அடி, வேறு வழக்கு எதுவும் கிடையாது என்று நான்கு காரணங்களைத் தீர்ப்பில் தனித்தனியாக எழுதியிருந்தார்கள். விசாரணைக் கைதியாக இருந்த நாள்களையும் 428-ஆவது பிரிவின்படி கழித்துக்கொண்டார்கள். அந்த மூன்றாண்டு குறைந்திருக்காவிட்டால் அம்மா இருக்கும்போது அண்ணன் வீடு வந்திருக்க மாட்டார். ஆகவே குறைப்பது என்றாலே அநியாயம் என்று என்னால் சொல்ல முடியாது. முதல் நீதிமன்றம் ஊர்ப் பதற்றத்துக்கு நடுவே சில வேளை கூட்டி விதித்துவிடுகிறது. அமைதியாக உட்கார்ந்து அளந்து பார்க்க மேலே ஓர் இடம் வேண்டும்.

ஆனால் ஒன்று என் மனத்தில் தைத்துக்கொண்டே இருக்கிறது. தீர்ப்பு வந்த அன்று இறந்தவரின் மனைவி நீதிமன்றத்தில் இல்லை. வழக்கு அன்று வருகிறது என்றே அவருக்கு யாரும் சொல்லவில்லை என்பது பல மாதம் கழித்துத்தான் எனக்குத் தெரிந்தது. அவர் வந்து பேசியிருந்தாலும் நான்காண்டே கிடைத்திருக்கலாம். அப்படிக் கிடைத்திருந்தால் நான் அவர் வீட்டு வழியாக இன்று நிமிர்ந்து நடந்திருப்பேன். நீங்கள் போய்ப் பேசுங்கள் தம்பி. குறைத்தாலும் உங்கள் முகத்தைப் பார்த்துவிட்டுக் குறைக்கட்டும்.

ஒத்தக்கடை வழக்குரைஞர் எழுதியது:

உசிலம்பட்டி அண்ணன் எழுதியதைப் படித்த பிறகு, போய்ப் பேசுவதற்கான வழியைத் தெளிவாக எழுத வேண்டியிருக்கிறது.

தண்டனை போதவில்லை என்று மேல்முறையீடு செய்யும் உரிமை நடைமுறைச் சட்டத்தின் 377-ஆவது பிரிவின்படி அரசுக்கே உண்டு. 2009 இறுதியில் நடைமுறைக்கு வந்த திருத்தம், விடுதலைத் தீர்ப்பையும், சிறிய குற்றமாக மாற்றியதையும், இழப்பீடு போதாததையும் எதிர்த்து மேல்முறையீடு செய்யப் பாதிக்கப்பட்டவருக்கு உரிமை தந்தது. தண்டனை குறைவு என்பதை அந்தப் பட்டியலில் சேர்க்கவில்லை. சேர்த்திருக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. உங்கள் வழக்கில் அரசு அப்படி எதுவும் தாக்கல் செய்யாததால், ஐந்தாண்டு என்பது இனி ஏற வழியில்லை. எதிரி தாக்கல் செய்த மேல்முறையீட்டில் உயர் நீதிமன்றம் தானாகச் சீராய்வு அதிகாரத்தைக் கையிலெடுத்து அவருக்குப் பாதகமாகத் தீர்ப்பை மாற்றக் கூடாது என்று, நம் மதுரைக் கிளையிலிருந்து போன ஒரு வழக்கிலேயே 2025 ஜூனில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. ஆகவே உங்கள் முயற்சி முழுவதும் அந்த ஐந்தாண்டைக் காப்பதில், அல்லது குறைந்தாலும் காரணத்தோடு குறைவதில்தான் இருக்க வேண்டும்.

வாதிடும் பொறுப்பு அரசுத் தரப்பு வழக்குரைஞருடையது. பாதிக்கப்பட்டவர் தம் சார்பில் ஒரு வழக்குரைஞரை அமர்த்தி, நீதிமன்ற அனுமதி பெற்று அரசுத் தரப்புக்கு உதவலாம். எழுத்துப்பூர்வமான வாதமும் தரலாம். 2022 ஏப்ரலில் லக்கிம்பூர் கேரி வழக்கில், குற்றம் நடந்ததிலிருந்து எல்லாக் கட்டத்திலும் கேட்கப்படும் உரிமை பாதிக்கப்பட்டவருக்கு உண்டு என்று உச்ச நீதிமன்றம் கூறியது. அது பிணை ரத்து வழக்கில் சொல்லப்பட்டது என்றாலும், அந்த அனுமதி கேட்டுப் போடும் இடையீட்டு மனுவில் அதைத் தாராளமாக எடுத்துக்காட்டலாம். செலவுக்குத் தயங்க வேண்டாம். கிளை வளாகத்திலேயே சட்டப் பணிகள் குழு இருக்கிறது. மாற்றுத்திறனாளி என்ற தகுதியிலேயே 1987-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 12-ஆவது பிரிவின்படி அண்ணனுக்கு இலவச உதவி கிடைக்கும்.

பணத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். 357-ஆவது பிரிவின்படி மேல்முறையீட்டு நீதிமன்றமும் இழப்பீடு வழங்க உத்தரவிடலாம். ஒவ்வொரு வழக்கிலும் இழப்பீட்டைப் பற்றி நீதிமன்றம் மனம் செலுத்தியாக வேண்டும் என்று 2013-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆகவே சிறையை விட்டுக்கொடுத்தால்தான் பணம் என்று யாரும் உங்களிடம் நிபந்தனை வைக்க முடியாது. சிறையும் இழப்பீடும் சேர்ந்தே கேட்கலாம். அது தவிர, அரசின் இழப்பீட்டுத் திட்டத்தில் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு வழியாக விண்ணப்பிக்கவும் வழி இருக்கிறது.

இன்னொரு எச்சரிக்கை. தண்டனையைப் பற்றி மட்டும் பேசுகிறோம் என்று இப்போது சொல்பவர்கள், விசாரணையன்று குற்றத்தை, ஆயுதத்தால் சாதாரணக் காயம் விளைவித்ததற்கான தண்டனைச் சட்டம் 324-ஆவது பிரிவுக்கு இறக்குங்கள் என்று கேட்கக்கூடும். அங்கே உச்சபட்சமே மூன்றாண்டு, அபராதத்தோடும் விடலாம், 1958-ஆம் ஆண்டு நன்னடத்தைச் சட்டத்தின்படி பிணைப்பத்திரம் எழுதி வாங்கிக்கொண்டு அனுப்பிவிடவும் இடமுண்டு. 326-இல் ஆயுள் தண்டனை வரை இருப்பதால் அந்தச் சட்டத்தின் 4-ஆவது பிரிவு பொருந்தாது. ஆகவே விரல்கள் போனதைக் காட்டும் மருத்துவர் சாட்சியத்தை அரசுத் தரப்பு விட்டுவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஓய்வுபெற்ற நீதிமன்றப் பணியாளர் எழுதியது:

ஐயா சொன்னதில் ஓரிடத்தில் மட்டும் எனக்கு மாறுபாடு உண்டு. சமாதானத்தை எதிர்த்தரப்பின் தந்திரமாகவே பார்க்க வேண்டியதில்லை. ஒரே வாய்க்காலில் தண்ணீர் பாய்ச்சுகிறவர்கள் தண்டனை முடிந்த பிறகும் அதே மடையில்தான் சந்திக்க வேண்டும். உண்மையான மனமாற்றம் இருந்தால் நீதிமன்றம் அதைக் கணக்கில் எடுப்பது சரி என்றே நான் நினைக்கிறேன். ஆனால் இத்தனை வருடம் வராத அம்பலமும் பெரியவர்களும் வழக்கு இறுதி விசாரணைக்கு வந்த வாரத்தில் வருகிறார்கள் என்றால், எந்தத் தேதியில் வந்தார்கள் என்பதையும் பிரமாணப் பத்திரத்தில் எழுதுங்கள். வெட்டியவர்கள் நேரில் வந்து ஒரு வார்த்தை கேட்டார்களா என்பதையும் எழுதுங்கள்.

மேலூர் விவசாயி எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. நேற்று இரவு இதை முழுவதும் அண்ணனுக்கும் மதினிக்கும் வாசித்துக் காட்டினேன். உசிலம்பட்டி அண்ணன் எழுதியதை மட்டும் இரண்டாவது முறை வாசிக்கச் சொன்னார்கள். வெட்டியவர்கள் இதுவரை வீட்டுப்படி ஏறவில்லை, பெரியவர்கள்தான் வந்தார்கள்.

அண்ணன் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "ஐந்து வருடமும் அவர்கள் உள்ளே இருக்க வேண்டும் என்று எனக்கில்லை. கொஞ்சம் குறைத்தால் குறைத்துக்கொள்ளட்டும். ஆனால் காசைக் கொடுத்துக் குறைத்தார்கள் என்று இருக்கக் கூடாது. என் கையைப் பார்த்துவிட்டு, எதனால் குறைக்கிறேன் என்று நீதிபதி எழுத வேண்டும்." இதை அவருடைய வார்த்தையிலேயே பிரமாணப் பத்திரத்தில் சேர்க்கலாமா ஐயா? அடையாள அட்டை 2021-இலேயே எடுத்திருக்கிறோம். திங்கட்கிழமை காலை ஒத்தக்கடைக்கு வருகிறோம்.

ஒத்தக்கடை வழக்குரைஞர் எழுதியது:

அவர் வார்த்தையிலேயே சேருங்கள். ஒரு சொல்லும் மாற்ற வேண்டாம். முதலில் சட்டப் பணிகள் குழு அலுவலகத்தில் விண்ணப்பம் கொடுத்துவிட்டு, அங்கிருந்தே அரசு வழக்குரைஞர் அலுவலகத்துக்குப் போங்கள். வழக்கு எண், விசாரணை நீதிமன்றத் தீர்ப்பின் நகல், காயச் சான்றிதழ் நகல், அடையாள அட்டை ஆகியவற்றை இரண்டு படியாக எடுத்து வாருங்கள். வளாகத்துக்குள் நுழையும்போது ஆதார் அட்டையைக் கேட்பார்கள். விசாரணைத் தேதிக்கு முன் எதிர்த்தரப்பு நீட்டும் எந்தத் தாளிலும் கையெழுத்திட வேண்டாம். விசாரணையன்று அண்ணனும் உடன் வரட்டும்.